கரும்புள்ளி செம்புள்ளியும் பேசாப் படமும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மாதம் ஒரு முறை மொட்டைமாடியில் வெள்ளை வேட்டியை இழுத்துக் கட்டி, இரவல் புரொஜெக்டரில் பேசாப் படம் போடுகிற பழக்கம் எங்களுக்கு உண்டு. கொஞ்ச நாளாக ஒரே விஷயத்தைப் பிடித்துக்கொண்டிருக்கிறோம்: தண்டனை என்ற பெயரில் ஒரு ஆளை ஊர் நடுவில் நிறுத்தி மானத்தை வாங்குவது. பார்க்க வந்தவர்கள் திரும்பத் திரும்பக் கேட்ட கேள்விகளையும், நான் சொன்ன பதில்களையும், அங்கே சொல்ல மறந்து வீட்டுக்கு வந்து நினைத்துக்கொண்டதையும் சேர்த்து இங்கே போடுகிறேன். கதையின் முடிவெல்லாம் வரும். நூறு வருஷத்துப் படங்கள்தானே, கோபித்துக்கொள்ள வேண்டாம்.

எதையெல்லாம் இந்தக் கணக்கில் சேர்க்கிறீர்கள்?

வேடிக்கை பார்க்க ஆள் இல்லாவிட்டால் நடக்கவே முடியாத தண்டனைகளை. ஒருவனை யாருக்கும் தெரியாமல் சிறையில் போடலாம், அபராதம் வசூலிக்கலாம், ஆனால் கரும்புள்ளி செம்புள்ளி குத்திக் கழுதைமேல் ஏற்றி ஆளில்லாத தெருவில் ஊர்வலம் விட்டால் அது கழுதைக்குத்தான் தண்டனை. மேற்கு நாடுகளிலும் இதே கணக்குதான். கை காலை மரச் சட்டத்தின் ஓட்டைகளில் பூட்டுகிற தொழுமரத்தில் மாட்டி வைப்பது (பைபிளின் தமிழில் படித்திருப்பீர்கள்), தார் பூசி இறகு ஒட்டுவது, உடையில் எழுத்தைத் தைத்து அலைய விடுவது, பட்டாளத்தில் பட்டையைப் பிய்த்து எறிவது. எல்லாவற்றிலும் பாதி வேலையைச் செய்வது நின்று பார்க்கிற கூட்டம்.

சினிமாவில் இது எப்போது தொடங்கியது?

முதல் நாளே என்று சொன்னால் மிகை இல்லை. 1895 டிசம்பர் 28 அன்று பாரிஸின் கிராண்ட் கஃபேயில் லூமியேர் சகோதரர்கள் காசு வாங்கிக்கொண்டு படம் காட்டினார்களே, அதில் தோட்டக்காரர் படமும் ஒன்று. தோட்டக்காரர் தண்ணீர் விட்டுக்கொண்டிருப்பார், ஒரு பையன் பின்னால் வந்து குழாயை மிதிப்பான், தண்ணீர் நிற்கும், இவர் குழாய் முனையை முகத்துக்கு நேரே பிடித்துப் பார்ப்பார், அவன் காலை எடுப்பான். ஒரு நிமிஷம்கூட ஓடாது.

எல்லோரும் தண்ணீர் பீய்ச்சி அடிப்பதைத்தான் நினைவு வைத்திருக்கிறார்கள். அதற்கு அடுத்து வருவதைப் பாருங்கள். பையன் ஓடுகிறான், தோட்டக்காரர் தூரத்தில் எட்டிப் பிடித்துவிடுகிறார். பிடித்த இடத்திலேயே நாலு போட்டிருக்கலாம். போடவில்லை. அவனைத் தரதரவென்று முன்னால் இழுத்துக்கொண்டு வந்து, நமக்கு நன்றாகத் தெரிகிற இடத்தில் நிறுத்திப் பின்பக்கத்தில் அடிக்கிறார். கேமராவுக்காகத்தான், வேறென்ன. ஆனால் தண்டனை என்றால் அது கூட்டத்துக்கு முன்னால் நடக்க வேண்டும் என்பதைச் சினிமா அன்றைக்கே கண்டுகொண்டது.

பேச்சு இல்லாத படத்துக்கு இது ஏன் இவ்வளவு பொருந்திப் போகிறது?

வழக்கு விசாரணைக்குப் பேச்சு வேண்டும். அவமானத்துக்கு ஒரு முகம், நீட்டிய ஒரு விரல், சுற்றிலும் நாலு தலை போதும். வசனத்தை இடையிடையே எழுத்தில் காட்டுகிற டைட்டில் கார்டுகூடத் தேவைப்படாது. என் கணிப்பில் இன்னொரு காரணமும் உண்டு, அதுதான் எனக்கு முக்கியம்: திரைக்குள் இருக்கிற கூட்டம் எந்தப் பக்கம் பார்த்துக்கொண்டிருக்கிறதோ அதே பக்கம்தான் நாமும் பார்த்துக்கொண்டிருக்கிறோம். இயக்குநர் கொஞ்சம் கெட்டிக்காரராக இருந்தால் இதை நமக்கு உறைக்க வைத்துவிடுவார்.

போலீஸ் போட்டோ படம் ஒன்றைப் பற்றிச் சொன்னீர்களே, அது என்ன?

அமெரிக்காவின் பயோகிராஃப் கம்பெனி 1904-ல் எடுத்த ‘ஃபோட்டோகிராஃபிங் எ ஃபீமேல் குரூக்’. ஒரே ஷாட். குற்றம் செய்து பிடிபட்ட ஒரு பெண்ணைப் போலீஸ் ஆவணத்துக்காகப் போட்டோ எடுக்கிறார்கள், இரண்டு போலீஸ்காரர்கள் ஆளுக்கொரு கையைப் பிடித்துக்கொண்டிருக்கிறார்கள். நம் கேமரா மெல்ல மெல்ல அவளை நோக்கி நகர்கிறது. அந்தக் காலத்துக்கு அதுவே அதிசயம், கேமரா என்றால் ஆணி அடித்த மாதிரி ஒரே இடத்தில் நின்ற காலம் அது. அவள் என்ன செய்கிறாள் தெரியுமா? கன்னத்தை உப்புகிறாள், வாயைக் கோணுகிறாள், கண்ணை இடுக்குகிறாள். முகம் கோணலாக விழுந்தால் அந்தப் போட்டோவை வைத்து யாரும் அடையாளம் கண்டுபிடிக்க முடியாதே!

எங்கள் மாடியில் எல்லோரும் சிரித்தார்கள். 1904-லும் சிரித்திருப்பார்கள், சிரிக்க வைக்கத்தான் எடுத்தது. இரண்டாவது தடவை ஓட்டினேன், சிரிப்பு பாதியானது. கை இரண்டையும் பிடித்துக்கொண்ட பிறகு அவளிடம் மிச்சம் இருப்பது முகம் மட்டும், அதை வைத்துத்தான் அவள் மறுக்கிறாள். கேமராவோ விடாமல் கிட்டே கிட்டே போகிறது. ஊர்ச் சந்தையில் நிறுத்துகிற வேலையைப் போட்டோ ஆல்பம் எடுத்துக்கொண்ட காலத்தின் படம் அது. அந்த ஆல்பத்துக்கே அவர்கள் வைத்த பெயர் போக்கிரிகளின் காட்சிக்கூடம் என்ற பொருளில்தான்!

ட்ரேஃபஸ் விவகாரம் இதில் எங்கே வருகிறது?

தெரியாதவர்களுக்குச் சுருக்கமாக: ஆல்ஃப்ரெட் ட்ரேஃபஸ் பிரெஞ்சு ராணுவ அதிகாரி, யூதர். ஜெர்மனிக்கு ரகசியம் விற்றதாகப் பொய்க் குற்றம் சாட்டித் தண்டித்தார்கள். 1895 ஜனவரி 5 அன்று பாரிஸின் ராணுவக் கல்லூரி முற்றத்தில் படைகளை நிறுத்தி, அவருடைய பட்டைகளையும் பொத்தான்களையும் பிய்த்து, வாளை முழங்காலில் வைத்து முறித்து, சுற்றி நடக்க விட்டார்கள். அவர் தான் நிரபராதி என்று கத்திக்கொண்டே நடந்தார். வெளியே கூட்டம் அவரைக் கொல்லச் சொல்லிக் கூச்சல் போட்டது.

நான் எல்லோரிடமும் சொல்லுகிற ஒரு சின்னத் தகவல் உண்டு. பட்டைகளின் தையலை முன்கூட்டியே தளர்த்தி வைத்திருந்தார்கள், வாளும் சுலபமாக முறிகிற மாதிரி முன்னதாகவே அராவி வைக்கப்பட்டிருந்தது. கூட்டத்துக்கு முன்னால் பொத்தான் பிய்யாமல் இழுபறியானால் அசிங்கமாகப் போயிருக்குமே. அரசாங்கமே மேடைச் சாமான் தயார் செய்து மேடையேற்றிய நாடகம் என்று வைத்துக்கொள்ளுங்கள். லூமியேர் காட்சிக்கு அப்போது இன்னும் ஒரு வருஷம் இருந்தது, அதனால் அசலைப் படமெடுக்க யாரும் இல்லை. 1899-ல், ட்ரேஃபஸ் மறு விசாரணைக்காக ரென் நகரத்துக்குக் கொண்டுவரப்பட்டபோது, மாயப் படங்களுக்குப் பேர் போன ஜார்ஜ் மெலியே இந்த விவகாரத்தை 11 துண்டுகளாக எடுத்தார். பதவி பறிப்புச் சடங்கு அதில் ஒரு துண்டு. மெலியே ட்ரேஃபஸ் பக்கம், ட்ரேஃபஸின் வக்கீல் லபோரியாக அவரே நடித்தார். நாடே இரண்டாகப் பிளந்து கிடந்த நேரம், படம் ஓடிய இடங்களில் அடிதடி நடந்ததாகச் சொல்வார்கள்.

ட்ரேஃபஸ் 1906-ல் முழுமையாக விடுவிக்கப்பட்டார். அதே ராணுவக் கல்லூரி வளாகத்தில் அவருக்குப் பதக்கம் குத்தினார்கள்.

கும்பலாகச் சேர்ந்து தண்டிப்பதை அந்தக் காலப் படங்கள் கண்டித்தனவா?

எங்கே! எடிசன் கம்பெனியின் ‘தி ஒயிட் கேப்ஸ்’ (1905) பாருங்கள். குடித்துவிட்டு மனைவியை அடிக்கிற ஒருவன். முகமூடிக் கும்பல் வந்து எச்சரிக்கை ஒட்டிவிட்டுப் போகிறது, அவன் அடங்கவில்லை. பிடித்து, தார் பூசி, இறகு ஒட்டி, கட்டைமேல் உட்கார வைத்துத் தூக்கிக்கொண்டு போகிறார்கள். ஒயிட் கேப்ஸ் என்ற பெயரில் நிஜமாகவே அமெரிக்க ஊர்களில் கும்பல்கள் இருந்தன, தங்களுக்குப் பிடிக்காத யாரையும் இதே மாதிரி செய்தன. படம் அதற்குள் போகவில்லை. மனைவியை அடிப்பவன் என்று ஒரு ஆளைப் பொறுக்கி எடுத்துக் காட்டிவிட்டால், அவனுக்காக யார் பரிந்து பேசப் போகிறார்கள்?

1915-ல் செசில் பி. டிமில்லின் ‘தி சீட்’ இன்னும் மோசம். பணக்காரன் ஒருவன் கடன்பட்ட பெண்ணின் தோளில் காய்ச்சிய இரும்பால் முத்திரை போடுகிறான். அவள் அவனைச் சுடுகிறாள், பழியைக் கணவன் ஏற்றுக்கொள்கிறான், அவனைக் காப்பாற்ற அவள் நிறைந்த நீதிமன்றத்தில் தோளைத் திறந்து காட்டுகிறாள். அவ்வளவுதான், கூட்டம் மொத்தமும் அந்தப் பணக்காரன்மேல் பாய்கிறது. அவன் ஜப்பானியன், நடித்தவர் செஸ்ஸூ ஹயகாவா. படம் அந்தக் கூட்டத்தோடு சேர்ந்து நின்று கை தட்டுகிறது. அமெரிக்க ஜப்பானியர்கள் எதிர்த்த பிறகு, 1918-ல் மறுபடி வெளியிட்டபோது டைட்டில் கார்டில் பாத்திரத்தைப் பர்மாக்காரன் ஆக்கினார்கள். பர்மாக்காரர்கள் எண்ணிக்கையில் குறைவு, எதிர்க்க ஆள் இல்லை என்று கணக்குப் போட்டிருப்பார்கள் போலும்.

இந்த வகையில் ஒரே ஒரு படம் பார்க்கலாம் என்றால்?

1926-ல் எம்ஜிஎம் எடுத்த ‘தி ஸ்கார்லெட் லெட்டர்’. நத்தானியேல் ஹாத்தார்ன் 1850-ல் எழுதிய நாவல். இயக்கியவர் ஸ்வீடனிலிருந்து ஹாலிவுட் வந்த விக்டர் ஷோஸ்த்ரம், ஹெஸ்டர் பிரின்னாக லிலியன் கிஷ். 17-ஆம் நூற்றாண்டு பாஸ்டன், பியூரிட்டன் என்கிற கடும் கட்டுப்பாட்டுக் கிறிஸ்தவர்களின் ஊர். கணவன் காணாமல் போன ஹெஸ்டருக்கு ஊர்ப் பாதிரியார் டிம்ஸ்டேலோடு உறவு ஏற்பட்டுக் குழந்தை பிறக்கிறது. அப்பன் யார் என்று அவள் சொல்ல மறுக்கிறாள். மேடையில் ஏற்றி நிறுத்துகிறார்கள், மார்பில் சிவப்பு ‘ஏ’ எழுத்து (கள்ள உறவைக் குறிக்கிற ‘அடல்ட்ரி’ என்ற ஆங்கிலச் சொல்லின் முதல் எழுத்து), காலத்துக்கும்.

படம் அங்கே ஆரம்பிக்கவில்லை என்பதுதான் ஷோஸ்த்ரமின் சாமர்த்தியம். ஞாயிற்றுக்கிழமை. கோயில் மணி அடிக்கிறது, ஊரே விறைப்பாக நடந்து போகிறது. ஹெஸ்டரின் கூண்டுப் பறவை பறந்துவிடுகிறது, பிடிக்க அவள் பின்னாலேயே ஓடுகிறாள். ஓய்வு நாளில் ஓடினாள் என்று பிடித்துத் தொழுமரத்தில் மாட்டிவிடுகிறார்கள். பறவையைத் துரத்தியதற்கு! நமக்கு அங்கே ஒரு சிரிப்புகூட வரும். அந்தத் தண்டனையைத் தற்செயலாக நாம் பார்த்துப் பழகிவிட்ட பிறகுதான் மேடைக் காட்சி வருகிறது, அப்போது சிரிப்பு வருவதில்லை. வாயாடி என்று ஒரு கிழவியை நாற்காலியில் கட்டி நீரில் முக்கி எடுப்பதையும் இடையில் ஒரு தமாஷாக வைத்திருக்கிறார். அந்த ஊரில் தமாஷும் தண்டனையும் ஒரே தெருவில் குடியிருக்கின்றன.

மேடைக் காட்சியில் கிஷ் பெரிதாக எதுவும் செய்வதில்லை. கையில் குழந்தை, எதிரே கூட்டம், அப்பனின் பெயரைச் சொல் என்று ஊர் சார்பில் அவளிடம் கேட்க வேண்டியவனோ டிம்ஸ்டேல். யார் பெயரை அவள் மறைக்கிறாளோ அவனே கேட்கிறான். கேட்கிற அவன் முகத்தையும் சொல்லாத அவள் முகத்தையும் மாற்றி மாற்றிப் பாருங்கள், குற்றவாளிக் கூண்டில் நிற்பது யார் என்று குழம்பிவிடும். டிம்ஸ்டேலாக நடித்த லார்ஸ் ஹான்சன் ஸ்வீடன்காரர், ஆங்கிலம் வராது, படப்பிடிப்பில் அவர் ஸ்வீடிஷில் பேச கிஷ் ஆங்கிலத்தில் பதில் சொன்னாராம். பேசாப் படத்தின் வசதி அது! கடைசியில் அதே மேடையில் அவன் சட்டையைக் கிழித்துக் காட்டுகிறான், தன் மார்பில் தானே சூடு போட்டுக்கொண்ட அதே எழுத்து. ஊர் அவனுக்குக் கொடுக்கத் தவறிய தண்டனையை வருஷக்கணக்காக ரகசியமாக அனுபவித்திருக்கிறான்.

இந்தப் படத்தை எடுக்கவே பாடு. தேவாலய அமைப்புகளும் மாதர் சங்கங்களும் எதிர்த்ததால் கதையே கறுப்புப் பட்டியலில் இருந்தது என்றும், தானே கடிதம் எழுதிப் பொறுப்பேற்றுக்கொண்ட பிறகுதான் தடை நீங்கியது என்றும் கிஷ் பின்னால் எழுதியிருக்கிறார்.

அந்த எழுத்துத் தண்டனை நிஜமா, கதையா?

நிஜம். அமெரிக்காவின் பிளிமத் குடியேற்றத்தில் 1658-ல் கள்ள உறவுக்கு இரண்டு எழுத்தைத் துணியில் வெட்டி மேலாடையில் தைத்துக்கொள்ள வேண்டும் என்று சட்டம் இருந்தது. மாசசூசெட்ஸின் 1694 சட்டம் இன்னும் துல்லியம்: கழுத்தில் கயிற்றோடு தூக்குமேடையில் ஒரு மணி நேரம், கசையடி 40-க்கு மிகாமல், அப்புறம் இரண்டு அங்குல உயரத்தில் ‘ஏ’, உடையின் நிறத்துக்கு எதிரான நிறத்தில். பளிச்சென்று தெரிய வேண்டுமாம். உட்கார்ந்து யோசித்திருக்கிறார்கள் பாருங்கள். ஹாத்தார்னின் முன்னோர் ஒருவர் அமெரிக்காவின் சேலம் ஊரில் நடந்த சூனியக்காரி வழக்குகளில் நீதிபதியாக இருந்தவர், அந்த உறுத்தல் ஹாத்தார்னிடம் கடைசிவரை இருந்தது.

எப்போதும் பெண்தான் மாட்டிக்கொள்கிறாளா?

பெரும்பாலும். கிஷ்ஷுக்கே இது இரண்டாவது தடவை, டி.டபிள்யூ. கிரிஃபித்தின் ‘வே டவுன் ஈஸ்ட்’ (1920) படத்தில் போலிக் கல்யாணம் செய்து ஏமாற்றப்பட்ட ஆன்னாவை, விஷயம் தெரிந்ததும் வேலை பார்க்கிற வீட்டின் பெரியவர் கதவைக் காட்டி வெளியே போ என்கிறார், வெளியே பனிப்புயல். இதில் சட்டமும் இல்லை, தீர்ப்பும் இல்லை, ஊர்வம்பு பேசுகிற ஒரு பெண்மணி போதுமானதாக இருக்கிறது. எனக்குப் பிடித்த இடம் பனிக்கட்டியில் மிதக்கிற பிரபலமான காட்சி அல்ல. போகிற போக்கில் ஆன்னா திரும்பி நின்று, சாப்பாட்டு மேஜையில் மரியாதையான விருந்தாளியாக உட்கார்ந்திருக்கிற ஆளை நோக்கி விரலை நீட்டுகிறாளே, அதுதான். அதுவரை அவளை நோக்கியே இருந்த விரல் திசை மாறுகிறது.

ஆணுக்கு என்றால் உடையைப் பறிப்பார்கள். ஜெர்மனியில் முர்னாவ் எடுத்த ‘தி லாஸ்ட் லாஃப்’ (1924): பெரிய ஹோட்டல் வாசலில் பளபளக்கும் சீருடையில் நிற்கிற கிழவர், எமில் யானிங்ஸ். வயசாகிவிட்டது என்று கழிவறை வேலைக்கு மாற்றுகிறார்கள். சீருடையை அவர் உடம்பிலிருந்து உரிக்கும்போது ஒரு பொத்தான் தெறித்து விழும். ட்ரேஃபஸ் முற்றம் எனக்கு உடனே ஞாபகம் வந்தது, இங்கே முன்கூட்டித் தையலைத் தளர்த்த யாரும் இல்லை, அவ்வளவுதான் வித்தியாசம். அப்புறம் செய்தி குடியிருப்புக்கு வருகிறது. ஒருத்தி பால்கனியிலிருந்து கத்துகிறாள், இன்னொருத்தி காதில் கை வைத்துக் கேட்கிறாள், கேமரா முற்றத்தைத் தாண்டி அந்தக் காதுக்கே பறக்கிறது. சத்தமே இல்லாத படத்தில் வதந்தி போகிற சத்தத்தைக் கண்ணால் பார்க்கலாம். படம் முழுக்கக் கதை சொல்ல ஒரே ஒரு டைட்டில் கார்டுதான்.

படமே ஒருவருக்குத் தண்டனையான கதை உண்டா?

உண்டு. 1925-ல் வந்த ‘தி ரெட் கிமோனோ’. பாலியல் தொழிலுக்குள் தள்ளப்பட்ட ஒரு பெண் அதற்குக் காரணமானவனைச் சுடுகிறாள், நீதிமன்றம் விடுவிக்கிறது, அதற்குப் பிறகும் உலகம் விடவில்லை, பணக்காரச் சீமாட்டி ஒருத்தி ஆதரவு தருகிறேன் என்று கூட்டிவந்து தோழிகளுக்குக் காட்சிப்பொருளாக வைக்கிறாள். தயாரித்தவர் டோரதி டேவன்போர்ட், போதைப் பழக்கத்தால் இறந்த நடிகர் வாலஸ் ரீடின் மனைவி. நல்ல நோக்கம், இரக்கமுள்ள படம்.

ஆனால் அது நிஜக் கதை. நாயகிக்கு வைத்ததும் நிஜப் பெயர், விளம்பரத்திலும் அதைச் சொன்னார்கள். அந்தப் பெண் விடுதலையாகிக் கல்யாணம் செய்துகொண்டு, பழைய கதை தெரியாத மனிதர்கள் மத்தியில் வாழ்ந்துகொண்டிருந்தார். படம் வந்ததும் அக்கம்பக்கம் எல்லோருக்கும் தெரிந்துபோயிற்று. வழக்குப் போட்டார். 1931-ல் கலிஃபோர்னியா மேல்முறையீட்டு நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது: வழக்கு ஆவணத்தில் உள்ள சம்பவங்களைச் சொல்லலாம், ஆனால் திருந்தி வாழ்கிறவரின் நிஜப் பெயரைப் போட்டது, மாநில அரசியல் சாசனம் தருகிற மகிழ்ச்சியைத் தேடி அடையும் உரிமையைப் பறிப்பதாகும் என்றது. அமெரிக்காவில் அந்தரங்க உரிமை பற்றிப் படிக்கிறவர்கள் இன்றும் இந்தத் தீர்ப்பைப் படிக்கிறார்கள். அவர் பெயரோடு சேர்த்துத்தான் படிக்கிறார்கள். நான் எழுதப் போவதில்லை.

நடிகர்களுக்கே இது நடந்திருக்கிறதா?

ராஸ்கோ ஆர்பக்கிள், நம்மவர்கள் ஃபேட்டி என்று சொல்வார்களே, அவர். 1921-ல் ஒரு நடிகையின் மரணத்தில் குற்றம் சாட்டப்பட்டார். மூன்று விசாரணை. 1922 ஏப்ரல் 12 அன்று மூன்றாவது ஜூரி விடுவித்ததோடு, அவருக்குப் பெரிய அநீதி நடந்துவிட்டது என்று எழுதியும் கொடுத்தது. ஆறே நாளில் சினிமாத் துறையின் தலைவர் வில் ஹேஸ் அவர் படங்களைத் தடை செய்தார். டிசம்பரில் தடையை நீக்கினார்கள், ஆனால் அவர் அப்புறம் பல வருஷம் வேறு பெயரில் இயக்கிக்கொண்டிருந்தார்.

நம்ம பக்கம்?

நாஞ்சில் நாட்டுக்காரர்களுக்குத் தெரிந்திருக்கும். அகஸ்தீஸ்வரத்துக்காரர் ஜே.சி. டேனியல் எடுத்த ‘விகதகுமாரன்’, மலையாளத்தின் முதல் படம், பேசாப் படம். 1928 என்றும் 1930 என்றும் இரண்டு விதமாகச் சொல்வார்கள். கதாநாயகி பி.கே. ரோசி, தலித் பெண், நடித்தது நாயர் பெண்ணாக. திருவனந்தபுரத்தில் படம் ஓடியபோது ஆதிக்கச் சாதியினர் அதைப் பொறுக்கவில்லை, திரையில் கல் விழுந்தது. அவரை ஊரில் இருக்க விடவில்லை. தமிழ்ப் பக்கம் தப்பி வந்து, லாரி ஓட்டுநர் ஒருவரைக் கல்யாணம் செய்துகொண்டு, நடித்ததைப் பற்றி வெளியே பேசாமலே வாழ்ந்து முடித்தார். படத்தின் பிரதி இல்லை. அவர் அதில் எப்படி நடித்திருந்தார் என்று பார்க்க வழியே கிடையாது.

இதையெல்லாம் எங்கே பார்ப்பது?

காப்புரிமை முடிந்தவை என்பதால் பெரும்பாலானவை இணையத்தில் இலவசமாகவே இருக்கின்றன. 1904 போலீஸ் போட்டோ படம் பிழைத்ததே ஒரு வேடிக்கை. அமெரிக்காவில் 1912 வரை சினிமாவுக்கென்று தனிக் காப்புரிமைச் சட்டம் இல்லை, அதனால் கம்பெனிகள் ஒவ்வொரு ஃபிரேமையும் காகிதச் சுருளில் அச்சடித்துப் போட்டோ என்ற பெயரில் பதிவு செய்தார்கள், அந்தக் காகிதம்தான் அமெரிக்க நாடாளுமன்றத்தின் காங்கிரஸ் நூலகத்தில் மிஞ்சியது. முதலில் அதைப் பாருங்கள், இரண்டு முறை. அப்புறம் ‘தி லாஸ்ட் லாஃப்’, பிறகு ‘தி ஸ்கார்லெட் லெட்டர்’. போனில் வேண்டாம், முகம் பெரிதாகத் தெரிய வேண்டும். பின்னால் ஒட்டியிருக்கிற பியானோ எரிச்சலாக இருந்தால் சத்தத்தை நிறுத்திவிடுங்கள். எங்கள் மாடியில் மேடைக் காட்சிக்கு அப்படித்தான் செய்தோம், கீழ்த் தெருவில் யாரோ ஸ்கூட்டரை உதைத்துக்கொண்டிருந்த சத்தம் மட்டும் கேட்டது.